‘வாங்க’ சொல்லாத கோடை

எழுபதைத் தாண்டிய பெண்கள் நாலு பேர் ஒரு பந்தியில் உட்கார்ந்தால் சர்க்கரையும் முட்டிவலியும்தான் பேச்சு. போன தை மாதம் ஒரு கல்யாணத்தில் எங்கள் பேச்சும் அப்படித்தான் போய்க்கொண்டிருந்தது. சின்ன வயதில் திருப்பூர் ராயபுரத்தில் எங்கள் வீட்டுக்குச் சற்றுத் தள்ளி இருந்தவள் என் பக்கத்து இலை. அவள் சாப்பிடுவதை நிறுத்திவிட்டு, “கதவுக்காரி ஞாபகம் இருக்குதா உனக்கு?” என்று கேட்டாள். அந்தக் காலத்தில் திருப்பூரில் வளர்ந்த எங்கள் வயதுக்காரிகள் எல்லாம் ஒரே சமயத்தில் நிமிர்ந்தோம். ஒருத்தி முழங்கையை நீட்டிக் காட்டினாள். மயிர் குத்திட்டு நின்றது. இத்தனை வருஷம் கழித்து, பட்டப்பகலில், பாயசம் பரிமாறுகிற நேரத்தில்.

உங்களில் அதைப் படித்தவர்கள் இருப்பீர்கள். ஒரு வாரப் பத்திரிகையில் தொடராக வந்த பேய்க்கதை. எழுதியவர் வைத்த தலைப்பு வேறு. எங்கள் தெருவில் அந்தத் தலைப்பை யாரும் சொல்லிக் கேட்டதில்லை, கதவுக்காரி கதை என்றே பேர்.

மலைமேல் ஒரு பழைய பங்களா. அந்த வீட்டுக்குக் கல்யாணமாகி ஒரு பெண் வருகிறாள். விளக்கு வைத்த பிறகு வாசல் கதவு தட்டப்படும். “உள்ளே வரலாமா?” என்று ஒரு குரல் கேட்கும். வீட்டுக்காரருக்கு அது செத்துப்போன அம்மாவின் குரல். சமையல்காரனுக்கு ஊரில் விட்டுவந்த மகளின் குரல். அவரவருக்கு வேண்டியவர் எப்படிப் பேசுவாரோ அப்படிப் பேசும். முகத்தைப் பார்க்காமல் “வா” என்று சொல்லிவிட்டால் அவ்வளவுதான், சொன்னவர் அடுத்த அமாவாசையைத் தாண்ட மாட்டார். படம் வரைகிறவர் ஒரு வாரம்கூட அவள் முகத்தை வரையவில்லை. படியில் நிற்கிற இரண்டு பாதங்கள், மெட்டி, ஈரம் சொட்டும் சேலைக் கரை, அவ்வளவே. அந்தப் பாதங்களை நான் இன்றைக்கும் வரைந்து காட்டுவேன்.

இந்தக் கதை வேறு சீமையில் என்ன செய்ததோ தெரியாது. எங்கள் பக்கத்தில் அது பண்ணின கூத்து எனக்குத் தெரியும். நம் ஊரில் ஒருவர் வாசலில் நின்றால் வாய் தானாகச் சொல்லுகிற சொல் “வாங்க”. வந்தது யார், எதற்கு வந்தார் என்பதெல்லாம் அப்புறம். தீராத பகையாளியாக இருந்தாலும் “வாங்க” என்று சொல்லிவிட்டுத்தான் சண்டைக்கே போவார்கள். அந்தச் சொல்லில் கொண்டுபோய்ப் பேயை உட்கார வைத்துவிட்டார் அந்த எழுத்தாளர்.

எங்கள் வீட்டின் முன்பக்கம் அப்பாவின் பனியன் கம்பெனி, பின்பக்கம் குடியிருப்பு. கம்பெனி என்றதும் இன்றைக்கு இருக்கிற கட்டடங்களை நினைத்துவிடாதீர்கள். ஓடு வேய்ந்த நீளக் கொட்டகை ஒன்று. அதில் துணி பின்னுகிற மிஷினும் தைக்கிற மிஷினும் நெருக்கியடித்துக்கொண்டு நிற்கும். ஓரமாகச் சாக்கு விரித்து, பிசிறு வெட்டுகிற பெண்கள் உட்கார்ந்திருப்பார்கள். தைத்து முடித்த பனியனில் நீட்டிக்கொண்டிருக்கும் நூலைக் கத்தரிப்பது அவர்கள் வேலை. சாயங்காலம் எழுந்து போகும்போது எல்லார் புருவத்திலும் பஞ்சு படிந்து, திடீரென்று மூப்பு வந்தவர்கள் போலத் தெரிவார்கள். மிஷின் எண்ணெய் வாசமும், ஆற்றங்கரைச் சலவைப் பட்டறையிலிருந்து வருகிற ப்ளீச்சிங் பவுடர் நெடியும், சூடு ஆறாத புதுத் துணி மணமும் கலந்த காற்றைத்தான் நாங்கள் மூச்சாக இழுத்து வளர்ந்தோம்.

வீட்டில் அப்பா, அம்மா, நான், அப்பாவின் தம்பியான சித்தப்பா, சித்தி. பக்கத்து அறையில் வாடகைக்கு ஒரு டீச்சர். திருநெல்வேலிப் பக்கத்துக் கிறிஸ்தவர், வேதக்காரர் என்போம், கல்யாணம் செய்துகொள்ளாதவர். எனக்கும் அவரே வகுப்பு டீச்சர். பொய் சொன்னால் உள்ளங்கையில் ஸ்கேலால் அடிப்பார். பாடம் படிக்காவிட்டால்கூட மன்னிப்பு உண்டு, பொய்க்குக் கிடையாது.

அந்த டீச்சருக்குத்தான் கதவுக்காரிமேல் அப்படி ஒரு பைத்தியம். ரயிலடிப் பக்கம் பத்திரிகைக் கட்டு பிரிக்கிறபோதே போய் நின்று வாங்கி வந்துவிடுவார். சனிக்கிழமை மத்தியானம், சாப்பாடு முடிந்து மிஷின்கள் ஓய்ந்திருக்கும் நேரத்தில், கொட்டகையில் முக்காலி போட்டு உட்கார்ந்து உரக்கப் படிப்பார். பிசிறு வெட்டுகிற பெண்கள் யாருக்கும் எழுத்துத் தெரியாது. அவர்கள் கெஞ்சித்தான் அந்தப் பழக்கம் தொடங்கியது. ஒவ்வொரு வாரமும் கண்ணாடியை மாட்டிக்கொண்டு முதலில் ஒரு எச்சரிக்கை கொடுப்பார்.

“எல்லாம் கட்டுக்கதையாக்கும். படிக்கேன், கேளுங்க. யாரும் பயப்படப்பிடாது.”

அப்படிச் சொல்லிவிட்டு எங்களைப் பயமுறுத்தத் தொடங்குவார். அந்தக் குரலை எப்படிச் சொல்வேன். வகுப்பில் வாய்ப்பாடு சொல்கிற அதே குரல்தான். கதவு தட்டுகிற இடம் வந்ததும் நிறுத்திவிடுவார். கொட்டகையில் யாரும் மூச்சு விடமாட்டார்கள். தையல்காரர் ஒருவர் பொம்பளைகள் கேட்கிற கதை என்று ஏளனம் செய்துவிட்டு, மிஷினுக்கு எண்ணெய் விடுவது போல அங்கேயே குனிந்திருப்பார். எண்ணெய் வழிந்து கால் நனைவதுகூட அவருக்குத் தெரியாது. ஓட்டின் மேல் ஒரு காக்கை உட்கார்ந்தால்கூட எல்லோரும் ஒரு சேர வாசலைப் பார்ப்போம். எனக்கு அப்போது பத்து வயது இருக்கும். கோயிலில் திரை விலகும்போது வருமே ஒரு நடுக்கம், பயமும் ஆசையுமாக, அதைச் சனிக்கிழமைதோறும் அனுபவித்தேன்.

முதலில் மாறியவை கதவுகள். பகலெல்லாம் திறந்தே கிடந்த தெருக்கதவுகள் பொழுதோட சாத்தப்பட்டன. பனியன் வேஸ்ட் துணியை மஞ்சளில் நனைத்துத் தாழ்ப்பாளில் கட்டினார்கள். “வாங்க” போய், “ஆருங்க” வந்தது. சாயங்காலம் வருகிற பால்காரி, வாசலில் நின்று விளக்கை எடுத்துத் தன் முகத்துக்கு நேரே பிடித்துக் காட்டிவிட்டுத்தான் பாத்திரம் கேட்பாள். கதையையே நம்பாத அப்பாகூட, துணி எடுக்க வந்த பம்பாய் வியாபாரி வாசலில் நிழலாக நின்றபோது, வாயைத் திறந்து, ஒரு நொடி யோசித்து, எட்டிப் பார்த்துவிட்டு அப்புறம் வரவேற்றார். அதைக் கண்டு பிசிறு வெட்டுகிற பெண்கள் பனியனால் வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தார்கள். பயம்தான், ஆனால் அதில் ஒரு கொண்டாட்டமும் இருந்தது. ஊரே ஒரு கதைக்குள் குடியேறினது போல.

சித்தி மட்டும் அந்தப் பயத்தில் சேரவில்லை.

அதற்கு முந்தின மார்கழியில் சித்தியின் மகன் காய்ச்சலில் போயிருந்தான். மூன்று வயது. மயங்கி மயங்கி விழுந்த சித்தியை ஊசி போட்டுத் தூங்க வைத்திருந்தார்கள். அவள் விழிப்பதற்குள் ஆண்கள் குழந்தையை எடுத்துக்கொண்டு போய் அடக்கம் செய்துவிட்டு வந்துவிட்டார்கள். அவள் பார்த்தால் தாங்கமாட்டாள் என்று பெரியவர்கள் முடிவு செய்தார்கள். அவனுடைய நடைவண்டி, வெள்ளிக் கொலுசு, ஊதி ஊதிப் பாதி நசுங்கிய தகரப் பீப்பி, எல்லாவற்றையும் அம்மா அவள் கண்ணில் படாமல் பரணில் ஏற்றினாள். அவன் பெயரை வீட்டில் யாரும் சொல்லக்கூடாது என்று எனக்கும் உத்தரவு. எல்லாம் அவள் நல்லதுக்கென்றே செய்தார்கள். ஒரு குழந்தை இருந்ததற்கு அடையாளமே இல்லாத வீட்டில் அவளை உட்கார வைத்துவிட்டோம் என்பது இப்போதுதான் எனக்குப் புரிகிறது. சித்தி அழவில்லை. பேச்சும் குறைந்துபோனது. கேட்டால் பதில் சொல்வாள், சொன்ன வேலையைச் செய்வாள். கதை படிக்கும்போது கொட்டகைத் தூணில் சாய்ந்து கேட்டுக்கொண்டிருப்பாள். மற்றவர்கள் முகத்தை மூடிக்கொள்கிற இடத்தில் அவள் கொஞ்சம் முன்னால் நகர்ந்து உட்காருவாள்.

வைகாசி கடைசியில் வெள்ளகோவிலிலிருந்து சித்தியின் அண்ணன் வந்தார். எனக்கு மாமா முறை. பஸ் தாமதமாகிவிட்டது போலிருக்கிறது, விளக்கு வைத்த பிறகு வந்து சேர்ந்தார். அப்பாவும் சித்தப்பாவும் சலவைப் பட்டறைக்குப் போயிருந்தார்கள். சித்தி கிணற்றடியில் துவைத்துக்கொண்டிருந்தாள். என்றைக்கும் திறந்திருக்கிற கதவு சாத்தியிருப்பதைப் பார்த்து மாமா தட்டினார். ஆளும் இல்லை, பேச்சும் இல்லை என்றதும், பாதி கேலியாகக் குரல் கொடுத்தார்.

“உள்ள வரலாமுங்களா?”

நானும் அம்மாவும் உள்ளே அடுப்பருகில் இருந்தோம். அம்மா என் வாயைப் பொத்தினாள். மறுபடியும் தட்டல். மறுபடியும் அதே கேள்வி. அப்புறம் வெளியே ஏதோ கனமாக வைக்கிற சத்தம். டீச்சர் தன் அறை ஜன்னலைத் திறந்து யாரென்று பார்த்தபோது ஒரு முதுகு மட்டும் தெரு முனையில் திரும்பிக்கொண்டிருந்ததாம். படியில் ஒரு கூடை மாம்பழம் இருந்தது.

நம் பக்கத்து ஆட்களுக்கு இதற்கு மேல் சொல்ல வேண்டியதில்லை. ஒரம்பரையாக, விருந்தாளியாக வந்தவரை வாசலில் நிற்க வைத்து, உள்ளே ஆள் இருந்தும் வாங்க என்று சொல்லாமல் விட்டாயிற்று. அதுவும் பெண் கொடுத்த வீட்டுக்காரரை. மாமா ஆள் மூலம் சொல்லியனுப்பினார். அந்த வீட்டில் என் மருமகனைத்தான் காப்பாற்றவில்லை, என் தங்கச்சியையாவது நான் காப்பாற்றிக்கொள்கிறேன், ஆடி பிறந்ததும் வந்து கூட்டிக்கொண்டு போகிறேன் என்று. ஒரு பேய்க்கதைக்குப் பயந்து கதவைத் திறக்கவில்லை என்று எந்த முகத்தோடு போய் விளக்கம் சொல்வது. அப்பாவுக்குக் கோபமும் வெட்கமும். சித்தி இப்படிப் போனால் திரும்பி வரமாட்டாள் என்பது எல்லோருக்கும் தெரிந்திருந்தது. சித்தப்பாவுக்கு வேறு பெண் பார்க்கலாம் என்று சொந்தத்தில் ஏற்கெனவே முணுமுணுப்பு இருந்தது.

சித்தி அம்மாவைப் பார்த்து, வந்தவங்களை வான்னு சொல்லாம விட்டுட்டீங்களே அக்கா என்று மட்டும் கேட்டாள். பல மாதங்களில் அவளாகப் பேசின முதல் வார்த்தை அது.

அடுத்த சனிக்கிழமை அந்த வாரக் கதை முடிந்து பெண்கள் கலைந்த பிறகு சித்தி டீச்சரிடம் போனாள். நான் முக்காலியை எடுத்து வைத்துக்கொண்டிருந்தேன்.

“கொழந்தைகளும் அப்படி வந்து நிக்குமுங்களா டீச்சர்? வழி தெரியுமுங்களா அதுகளுக்கு?”

டீச்சர் முகம் வெளுத்துப்போனது. இது கதைம்மா, எவனோ வயித்துப்பாட்டுக்கு எழுதுறது என்று ஏதேதோ சொன்னார். சித்தி தலையை ஆட்டிவிட்டு உள்ளே போனாள். அன்றைக்குப் பொழுதோட, தெருவே கதவைச் சாத்திக்கொண்டிருந்தபோது, அவள் எங்கள் வாசல் கதவை இரண்டு பக்கமும் அகலத் திறந்தாள். படியில் ஒரு சொம்பு தண்ணீர் வைத்தாள். காலியாகக் கிடந்த தெருவைப் பார்த்து, “வா கண்ணு” என்றாள். குரல் சாதாரணமாக இருந்தது. விளையாடப் போன பிள்ளையைச் சாப்பிடக் கூப்பிடுகிற மாதிரி.

மறுநாளும் கூப்பிட்டாள். அதற்கு மறுநாளும்.

பயத்தில் இருந்த கொண்டாட்டம் அந்த வாரத்தோடு போய்விட்டது. பிசிறு வெட்டுகிற பெண்களில் பாதிப்பேர் வேலைக்கு வரவில்லை. எதிர்வீட்டுக்காரர்கள் தங்கள் குழந்தைகளை எங்கள் பக்கம் அனுப்பவில்லை. அமாவாசை எப்போது என்று அம்மா காலண்டரைப் பார்த்துக்கொண்டே இருந்தாள். என்னைத் தன் முந்தானைக்குள்ளேயே வைத்திருந்தாள். அப்பா கொட்டகையில் கதை படிக்கக்கூடாது என்று டீச்சரிடம் சொல்லிவிட்டார். பக்கத்து ஊரான மண்ணரையிலிருந்து மந்திரிக்கிறவர் ஒருவரை அழைத்து வந்தார்கள். அவர் சித்தியை உட்கார வைத்து வேப்பிலையால் அடித்து, உள்ளே இருப்பது யார், எங்கிருந்து வந்தாய் என்று அதட்டிக் கேட்டார். சித்தி தலைமுடி கலைந்து, கண்ணை மூடாமல், அவரையே பார்த்துக்கொண்டிருந்தாள். கையில் கயிறு கட்டிவிட்டுப் போனார். அன்று சாயங்காலமும் அவள் கதவைத் திறந்தாள்.

இப்போது நினைத்தால் எனக்கு ஆச்சரியமாக இருப்பது இதுதான். அவளுக்குள் யார் வந்திருக்கிறார்கள் என்று அத்தனை பேரும் கேட்டார்கள். அவள் யாரைக் கூப்பிடுகிறாள் என்று ஒருவரும் கேட்கவில்லை. கேட்காமலே எல்லோருக்கும் தெரிந்திருந்தது என்பதும் ஒரு காரணமாக இருக்கலாம்.

கதை முடிகிற வாரம் வந்தது. மாமா ஞாயிற்றுக்கிழமை வருகிறார் என்று தகவல். முந்தின நாள் சனிக்கிழமை, டீச்சர் பத்திரிகையைக் கையில் வைத்துக்கொண்டு அப்பாவின் முன்னால் வந்து நின்றார். கடைசி வாரத்தை உங்க தம்பி பெண்டாட்டிக்கு மட்டும் படிச்சுக் காட்டணும் என்றார். அப்பா முடியாது என்றார். இந்தக் கதையால்தான் இந்த வீடு இப்படிக் கிடக்கிறது, நீங்களும் அதற்கு ஒரு காரணம் என்று சொன்னார். டீச்சர் நின்ற இடத்தை விட்டு நகரவில்லை. அப்போது பின்னுகிற மிஷினுக்குப் பின்னாலிருந்து சித்தப்பா எழுந்து வந்தார். அண்ணன் சொல்லுக்கு ஒரு நாளும் எதிர்ப்பேச்சுப் பேசாதவர்.

“படிக்கட்டுமுங்கண்ணா. நாளைக்கு அவ போயிருவா. அவ கேட்டு நாம ஒண்ணுமே குடுக்கலை.”

அப்பா துண்டை உதறித் தோளில் போட்டுக்கொண்டு வெளியே போய்விட்டார். அது சம்மதம் என்று நாங்கள் எடுத்துக்கொண்டோம்.

விளக்கு வைக்கிற நேரம். சித்தி வாசல் கதவைத் திறந்து, சொம்பை வைத்து, கதவுக்கு உட்புறமாகத் தரையில் உட்கார்ந்திருந்தாள். டீச்சர் முக்காலி வேண்டாம் என்று அவளுக்கு எதிரே தரையிலேயே உட்கார்ந்தார். நான் டீச்சரின் இடுப்போடு ஒட்டிக்கொண்டேன். அம்மா நடையில் நின்றாள். சித்தப்பா அவளுக்குப் பின்னால். அரிக்கேன் விளக்கைத் தூண்டி டீச்சர் படிக்கத் தொடங்கினார். கட்டுக்கதை, பயப்படாதீர்கள் என்று வழக்கமாகச் சொல்வதை அன்று சொல்லவில்லை.

எனக்கு ஒரு பழக்கம் இருந்தது. அவர் உரக்கப் படிக்கும்போது நானும் கண்ணால் வரியைப் பிடித்துக்கொண்டே போவேன். வீட்டில் எல்லோரும் ஓடிப்போய்விட, புதுப்பெண் மட்டும் தனியாக இருக்கிறாள். கதவு தட்டப்படுகிறது. உள்ளே வரலாமா என்று குரல் கேட்கிறது. அதுவரை அச்சிலும் குரலிலும் ஒன்றுதான். அதற்கப்புறம் அச்சில், புதுப்பெண் ஒளித்து வைத்திருந்த மந்திரவாதி வெளியே வருகிறான். இரும்பு ஆணியை எடுத்து நிலையில் அறைகிறான். கதவுக்காரி அலறுகிறாள். கதவோடு சேர்த்து அவளைக் கொளுத்துகிறார்கள். பக்கத்திலேயே படமும் இருந்தது. தீக்கு நடுவில் அந்த இரண்டு பாதங்கள்.

டீச்சர் வாயிலிருந்து அது வரவில்லை. புதுப்பெண் எழுந்து போய்க் கதவைத் திறந்தாள் என்று படித்தார். முகத்தைப் பார்த்தாள். பயங்கரமான முகம் ஒன்றும் இல்லை. ரொம்ப தூரம் நடந்து களைத்துப்போன முகம். வா என்றாள். கால் கழுவத் தண்ணீர் கொடுத்தாள். இலை போட்டுச் சோறு வைத்தாள். உன் பேர் என்ன என்று கேட்டாள். அந்த வீட்டில் அவள் பேரை யாரும் சொல்லி எத்தனையோ காலம் ஆகியிருந்தது. புதுப்பெண் அந்தப் பேரைச் சொல்லி அவளைக் கூப்பிட்டாள்.

நான் முதலில் வேறு பக்கத்தைப் பார்க்கிறோம் என்று நினைத்தேன். மறுபடி தேடினேன். ஆணியும் தீயும்தான் இருந்தன. நிமிர்ந்து டீச்சரின் முகத்தைப் பார்த்தேன். அவர் கண்கள் வரியில் ஓடவில்லை. தாளைத் தாண்டி எங்கேயோ நிலைத்திருந்தன. பக்கத்தைத் திருப்ப வேண்டிய இடம் எப்போதோ போய்விட்டது, விரல் அசையவில்லை. என் உடம்பு முழுக்கச் சிலிர்த்தது. அத்தனை வாரம் கதவுக்காரிக்கு நடுங்கியதெல்லாம் அதற்கு முன்னால் ஒன்றுமில்லை. பொய் சொன்னதற்காக என் கையைச் சிவக்க வைத்தவர், ஒரு வார்த்தை தடுமாறாமல், இல்லாத ஒன்றை அந்த இடத்தில் உண்டாக்கிக்கொண்டிருந்தார். அது எங்கிருந்து வருகிறது என்று அவருக்கே தெரிந்த மாதிரி இல்லை. நான் மூச்சைக்கூட மெதுவாக விட்டேன்.

சாப்பிட்டு முடித்தவள் எழுந்தாள் என்றார் டீச்சர். இத்தனை காலம் ஏன் இங்கேயே நின்றாய் என்று புதுப்பெண் கேட்டாள். அதற்கு அவள் பதில் சொன்னாள்.

“என்னைத் தூக்கிட்டுப் போனப்போ யாரும் போயிட்டு வான்னு சொல்லலை. சொல்லாம எப்படிப் போவேன்? நீ சொல்லு, நான் போயிட்டு வாரேன்.”

பத்திரிகையில் அத்தனை வாரமும் இலக்கணச் சுத்தமாகப் பேசிய கதவுக்காரி, கடைசியில் திருநெல்வேலிப் பேச்சில் “வாரேன்” என்றாள். டீச்சருக்கு அது தெரியவில்லை. பத்திரிகையை மூடி மடியில் வைத்தார். முடிஞ்சுதும்மா என்றார்.

சித்தி எழுந்து நிலைக்குப் போனாள். தெருவைப் பார்த்துத் தன் மகன் பெயரைச் சொன்னாள். அந்த வீட்டில் மார்கழிக்குப் பிறகு அந்தப் பெயரை அன்றுதான் கேட்டேன்.

“போயிட்டு வா கண்ணு.”

அப்புறம் அப்படியே நிலையில் சரிந்து உட்கார்ந்து அழுதாள். ஆறேழு மாதத்து அழுகை. அம்மா ஓடிப்போய் அவளைக் கட்டிக்கொண்டாள். சித்தப்பா குழந்தை மாதிரி விக்கி விக்கி அழுதார். தெருவில் கதவுகள் ஒவ்வொன்றாகத் திறந்தன. கதவுக்காரிக்குப் பயந்து சாத்தின கதவுகள்தான். ஓரிரு பெண்கள் எங்கள் வாசல்வரை வந்து படியிலேயே உட்கார்ந்துகொண்டார்கள். அப்பா எப்போது திரும்பி வந்தார் என்று தெரியாது. பார்த்தபோது இருட்டில் கம்பெனிச் சுவர் ஓரமாக நின்று துண்டால் முகத்தைத் துடைத்துக்கொண்டிருந்தார்.

மறுநாள் காலையில் மாமா வந்தார். இந்தத் தடவை தட்டவும் இல்லை, கேட்கவும் இல்லை. தெருவிலேயே விறைத்து நின்றார். சித்தி முகம் கழுவி, தலை சீவி, வாசலுக்கு வந்தாள். “வாங்கண்ணா, உள்ள வாங்க” என்றாள். மாமா அவள் முகத்தைப் பார்த்தார். அழுது வீங்கியிருந்தது, ஆனால் அவருக்குத் தெரிந்த முகம். செருப்பைக் கழற்றிவிட்டு உள்ளே வந்தார். அம்மா பரணிலிருந்து நடைவண்டியை இறக்கி நடுவீட்டில் வைத்திருந்தாள். அதைப் பார்த்து மாமாவும் அழுதார். சாப்பிட்டுவிட்டுத் தனியாகத்தான் ஊருக்குத் திரும்பினார்.

அமாவாசை வந்து போனது. யாரும் சாகவில்லை. சித்தி பிழைத்துக்கொண்டாள் என்றால் துக்கம் தீர்ந்தது என்று அர்த்தம் இல்லை. மகன் பெயரைச் சொல்லி அழுகிற நாளும் இருந்தது, சிரிக்கிற நாளும் இருந்தது. இரண்டும் இருந்தன. பின்னால் இரண்டு பெண் குழந்தைகள் பிறந்தன. நல்ல ஆயுசோடு இருந்து போனாள்.

கொட்டகையில் வேறொரு கலவரம் நடந்தது. திரும்பி வந்த பிசிறுப் பெண்களுக்குச் சித்தியே கடைசி வாரக் கதையைச் சொன்னாள். அவர்கள் கண்கலங்கிக் கேட்டார்கள். தையல்காரர் பத்திரிகையைக் கடையில் வாங்கிப் படித்திருந்தார். அப்படி இல்லவே இல்லை, ஆணியடித்துக் கொளுத்திவிட்டார்கள் என்று கொண்டுவந்து காட்டினார். பெண்கள் ஒத்துக்கொள்ளவில்லை. சோறு போட்டு அனுப்பினதுதான் கதை என்றார்கள். எழுத்து இருக்கிறதே, பாருங்கள் என்று அவர் விரலை வைத்துக் காட்டினார். இருக்கிறதிலேயே மூத்தவள் பனியனிலிருந்து கண்ணை எடுக்காமல், அச்சடிக்கிறவங்க தப்பா அடிச்சிருப்பாங்க என்று சொல்லி நூலைக் கத்தரித்தாள். ராயபுரத்தில் இன்றைக்கும் அந்தக் கதை அப்படித்தான் முடிகிறது. கல்யாணப் பந்தியில் என் பக்கத்தில் உட்கார்ந்திருந்தவளும் சோறு போட்ட முடிவைத்தான் சொன்னாள். நான் திருத்தவில்லை.

டீச்சரிடம் நான் கேட்கவே இல்லை. அவரும் என்னைப் பார்த்து ஒன்றும் சொல்லவில்லை. நான் வரியைப் பிடித்துக்கொண்டு படித்தது அவருக்குத் தெரிந்திருக்கும். அடுத்த வருஷம் அவருக்குச் சொந்த ஊர்ப் பக்கமே மாற்றல் வந்தது. பஸ் ஸ்டாண்டுக்கு நானும் சித்தியும் போனோம். டீச்சர் ஜன்னலோரம் உட்கார்ந்திருந்தார், மடியில் கைப்பை. சித்தி ஜன்னல் கம்பி வழியாக அவர் கையைப் பிடித்துக்கொண்டாள்.

“ஒண்ணு சொல்லோணுமுங்க டீச்சர். அந்தக் கடைசி வாரத்தை எழுதுனவங்க உங்க சீமைக்காரங்களாத்தான் இருக்கோணும். அவுங்க பேச்சே சொல்லுது. எங்க இருந்தாலும் அவுங்க நல்லா இருக்கோணுமுங்க.”

டீச்சர் சித்தியைப் பார்த்தார். அந்த முகம், பொய் பிடிபட்ட பள்ளிக்கூடப் பிள்ளையின் முகம் போலக் கவிழ்ந்தது. மறு கையால் கண்ணாடியைக் கழற்றி முந்தானையால் துடைத்தார். துடைத்துக்கொண்டே இருந்தார். டிரைவர் ஏறி உட்கார்ந்து வண்டியைக் கிளப்பி, சக்கரம் உருளத் தொடங்கியும், சித்தி அந்தக் கையை விடாமல் கொஞ்ச தூரம் கூடவே நடந்தாள்.